பட்டறை தந்த பாவலர்

மாதுங்கா நிலையத்தில் இறங்கும் தமிழர் பெரும்பாலோர் கிழக்குப் பக்கமே செல்வர். மல்லிகைச் சரமும் வாழையிலையும் காப்பிப் பொடியும் விற்கும் கடைவீதி அங்கேதான் இருக்கிறது. மேற்குப் பக்கத்து நீண்ட மதிற்சுவரை நிமிர்ந்து நோக்குவோர் சிலரே. அம்மதிலுக்கு உள்ளே இருப்பது புகைவண்டிப் பெட்டிகளைச் செப்பனிடும் பெரிய பட்டறை. 1915ஆம் ஆண்டில், அந்நாளைய ஜி.ஐ.பி. ரயில்வே அதனைத் தொடங்கிற்று. அதற்கு வடக்கே தொழிலாளர் குடியிருப்பும், அதனை அடுத்துத் தாராவியும் பரந்து கிடக்கின்றன. தோல் பதனிடும் தொழிலை நாடி வந்த திருநெல்வேலிச் சீமை மக்கள் தலைமுறை தலைமுறையாக வாழும் இடம் அது.

அந்தப் பட்டறையில் இரும்பைப் பற்றவைத்துக் கொண்டிருந்த இளைஞர் ஒருவர், இந்தித் திரைப்பாடலின் போக்கையே மாற்றினார் என்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? அவர்தாம் கவிஞர் சைலேந்திரா.

இந்திப் பாட்டுக்கும் நமக்கும் என்ன தொடர்பு என்று சிலர் கேட்கலாம். நான் இந்நகரில் வளர்ந்தவன். இந்தியில் ஒரு வாக்கியத்தைப் பிழையின்றிப் பேசத் தெரியாத நம் பெரியவர்கள், வேலை முடிந்து வந்து திண்ணையில் அமர்ந்ததும் அவருடைய பாடல்களை முணுமுணுப்பதைப் பலமுறை கேட்டிருக்கிறேன். மொழி தெரியாதவரின் நாவிலும் ஒரு பாட்டு குடியேறுகிறது என்றால் அதற்குக் காரணம் இருக்க வேண்டுமல்லவா? அக்காரணத்தை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

பிறப்பும் பிழைப்பும்

சைலேந்திராவின் இயற்பெயர் சங்கர்தாஸ் கேசரிலால். 1923ஆம் ஆண்டு ஆகஸ்டு 30ஆம் நாள் ராவல்பிண்டியில் பிறந்தார். குடும்பத்தின் பூர்விகம் பீகாரின் ஆரா பகுதி. ஒடுக்கப்பட்ட வகுப்பைச் சேர்ந்த எளிய குடும்பம். தந்தையின் பிழைப்பு அவர்களை ராவல்பிண்டிக்குக் கொண்டு சென்றது. பின்னர் வறுமை மதுராவுக்குத் தள்ளியது. மதுராவில்தான் சைலேந்திரா படித்தார். கண்ணனின் ஊராகிய மதுராவில் பிரஜ மொழிப் பாடல்கள் தெருவெல்லாம் ஒலிக்கும். வீட்டிலோ போஜ்புரி வழங்கிற்று. இவ்விரண்டும் அவர் காதில் சிறுவயதிலேயே ஊறின.

படிப்பு முடிந்ததும் புகைவண்டித் துறையில் பயிற்சித் தொழிலாளியாகச் சேர்ந்து பம்பாய்க்கு வந்தார். பகலில் பட்டறையில் நெருப்பும் இரும்பும். மாலையில் கவிதையும் தொழிற்சங்கமும். 1943இல் பம்பாயில் தோன்றிய இந்திய மக்கள் நாடக மன்றம் அவரைத் தன்பால் ஈர்த்தது. வேலைநிறுத்தமே எங்கள் முழக்கம் என்று அக்காலத்தில் அவர் எழுதிய ஓர் அடி, வடநாட்டுத் தொழிலாளர் ஊர்வலங்களில் இன்றும் முழங்குகிறது. அதை முழங்குவோரில் பலருக்கு எழுதியவர் பெயர் தெரியாது. ஒரு கவிஞனுக்கு இதைவிடப் பெரிய பட்டம் வேறென்ன வேண்டும்?

விலைக்கு இல்லாத கவிதை

1947ஆம் ஆண்டு. நாடு விடுதலை பெற்ற மகிழ்ச்சியோடு பிரிவினையின் குருதியும் கலந்த ஆண்டு. பஞ்சாப் பற்றியெரிவதைக் கண்டு நெஞ்சம் வெந்து எழுதிய கவிதை ஒன்றைச் சைலேந்திரா மன்றக் கூட்டத்தில் படித்தார். கூட்டத்தில் இருந்தவர்களுள் ஒருவர் ராஜ் கபூர். அப்பொழுது அவர் தம் முதற் படமாகிய ‘ஆக்’ என்பதை எடுத்துக் கொண்டிருந்த இளைஞர். கவிதையில் உள்ளம் பறிகொடுத்த அவர், அதனைத் தம் படத்துக்கு விலைக்குக் கேட்டார். “என் கவிதை விற்பனைக்கு இல்லை” என்னும் பொருள்பட மறுத்துவிட்டார் சைலேந்திரா.

கதை இத்துடன் முடிந்திருந்தால், ‘கொள்கை வீரர்’ என்று புகழ்ந்துவிட்டுப் போயிருப்போம். வாழ்க்கை அவ்வளவு எளிதாக யாரையும் விட்டுவிடுவதில்லை. மனைவி கருவுற்றிருந்தார், கையில் காசில்லை. சைலேந்திரா தாமே ராஜ் கபூரைத் தேடிச் சென்று பணம் வேண்டும் என்றார். அப்பொழுது ‘பர்சாத்’ என்னும் படம் உருவாகிக் கொண்டிருந்தது. அதில் இரண்டு பாடல்கள் எழுதப்படாமல் இருந்தன. ஐந்நூறு ரூபாய்க்கு அவ்விரண்டையும் சைலேந்திரா எழுதினார். 1949இல் படம் வெளிவந்தது. பாட்டுகள் பட்டிதொட்டியெங்கும் பரவின.

விற்க மாட்டேன் என்றவர் விற்றுவிட்டாரே என்று நகைப்பவர் உண்டு. நான் நகைக்க மாட்டேன். துயரத்தில் பிறந்த கவிதையை அவர் விற்கவில்லை; தம் உழைப்பைத்தான் விற்றார். பட்டறையில் கைத்திறனை விற்றவர், படத்தில் சொல்திறனை விற்றார். இரண்டிலும் வேலையில் கலப்படம் செய்யவில்லை என்பதே கருதத் தக்கது.

இன்னொன்றையும் இங்கே நினைக்க வேண்டும். ‘பர்சாத்’ படத்தில்தான் சங்கர்–ஜெய்கிஷன் இரட்டையர் இசையமைப்பாளராக அறிமுகமாயினர். உடன் பாட்டெழுத வந்த ஹஸ்ரத் ஜெய்ப்பூரி பம்பாயில் பேருந்து நடத்துநராக இருந்தவர். புகைவண்டிப் பட்டறையிலிருந்து ஒருவரும், பேருந்திலிருந்து ஒருவரும் வந்து சேர்ந்த கூட்டணி அது. பம்பாயின் உழைக்கும் மக்கள் அப்பாடல்களில் தம் குரலைக் கேட்டதில் வியப்பென்ன?

செம்பூரிலிருந்து உலகம் வரை

1948இல் ராஜ் கபூர் தொடங்கிய ஆர்.கே. படக்கூடம் நம்மவர் நிறைந்து வாழும் செம்பூரில் இருந்தது. 2017இல் அதனைத் தீ அழித்தது. 2019இல் அந்த நிலம் கட்டட நிறுவனம் ஒன்றுக்கு விற்கப்பட்டது. மாதுங்காப் பட்டறைக்கும் செம்பூர்ப் படக்கூடத்துக்கும் இடையே உள்ள தொலைவு சில மைல்களே. அந்தச் சில மைல்களைக் கடந்த சைலேந்திராவின் சொற்கள் கடல்களையும் கடந்தன.

1951இல் ‘ஆவாரா’ வெளிவந்தது. அதன் கதையை எழுத்தாளர் கே. ஏ. அப்பாஸ் இரண்டு மணி நேரத்துக்கு மேல் விரித்துரைத்தாராம். மூலையில் அமைதியாக அமர்ந்திருந்த சைலேந்திராவை நோக்கி, “கவிராயரே, ஏதாவது விளங்கிற்றா?” என்று கேட்டார் ராஜ் கபூர். கவிஞர் ஒரே வரியில் விடை கூறினார். கதை முழுவதும் அந்த ஒரு வரியில் அடங்கியிருந்தது. அதுவே பாட்டுக்கு வித்தாயிற்று என்று சொல்வார்கள். 1954இல் சோவியத்து நாட்டில் படம் திரையிடப்பட்டபொழுது மக்கள் வெள்ளமாகத் திரண்டனர். சீனத்திலும் துருக்கியிலும் அப்பாட்டு ஒலித்தது.

1955இல் ‘ஸ்ரீ 420’. அணிந்திருக்கும் பொருள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு நாட்டினது, உள்ளம் மட்டும் இந்தியாவினது என்று ஓர் ஏழை வழிப்போக்கன் பாடுவதாக அமைந்த பாட்டு, புதிதாக விடுதலை பெற்ற நாட்டின் மனநிலையைப் படம் பிடித்துக் காட்டியது. அதே படத்தில் மற்றொரு பாட்டின் பல்லவி தெலுங்குச் சொற்களால் ஆனது. பிழைப்புக்காகப் பல மொழியினர் வந்து கூடும் பம்பாய்ச் சேரியில் அச்சொற்கள் இயல்பாகவே ஒலிக்கின்றன. யாரும் பொருள் கேட்கவில்லை, எல்லாரும் பாடினர்.

ராஜ் கபூரின் கவிஞர் என்று மட்டும் அவரைக் குறுக்குவது பொருந்தாது. நிலம் இழந்த உழவன் நகரத்தில் ரிக்ஷா இழுக்கும் அவலத்தைக் காட்டிய பிமல் ராயின் ‘தோ பீகா ஜமீன்’ (1953), அவருடைய ‘மதுமதி’ (1958), பண்டித ரவிசங்கர் இசையமைத்த ‘அனுராதா’ (1960), நம் ஆர். கே. நாராயணின் நாவலைத் தழுவிய ‘கைடு’ (1965) ஆகியவற்றுக்கும் அவரே பாட்டெழுதினார். ஏவி.எம். நிறுவனம் எடுத்த ‘சோரி சோரி’யிலும் (1956) அவர் பாடல்கள் உண்டு. போஜ்புரி மொழியின் முதற் படம் 1963இல் வந்தபொழுது, முன்னோர் மொழியில் பாட்டெழுத வாய்ப்பு வந்ததென்று மகிழ்ந்து எழுதினார் போலும்! அப்பாடல்களின் இனிமை அப்படித்தான் எண்ண வைக்கிறது.

பாடலாசிரியருக்குரிய பிலிம்பேர் பரிசு முதன்முதலாக வழங்கப்பட்டபொழுது அதனைப் பெற்றவர் சைலேந்திராதான். படம் ‘யகூதி’ (1958). அடுத்து ‘அனாரி’ (1959). மூன்றாவது பரிசு ‘பிரம்மச்சாரி’ (1968) படத்துக்காக, அவர் மறைந்த பின் வந்தது.

எளிமையின் இலக்கணம்

அவர் காலத்து இந்திப்படப் பாடலாசிரியர்களுள் சாகிர், மஜ்ரூ, ஷகீல் முதலியோர் உருதுக் கசல் மரபில் ஊறியவர்கள். அம்மரபின் அழகு தனி, சொல்நயம் தனி. சைலேந்திரா அப்பக்கம் செல்லவில்லை. கபீர்தாசரின் மரபையும், வயலிலும் வண்டிப்பாதையிலும் பெண்கள் பாடும் பாடல்களையும் அவர் கைக்கொண்டார். நம் மரபில் சொல்வதாயின், கோவைக்கும் உலாவுக்கும் போகாமல் சித்தர் பாடலுக்கும் தெம்மாங்குக்கும் போனவர் எனலாம்.

அவர் பாட்டுகளை ஊன்றிப் படித்தால் மூன்று இயல்புகள் புலனாகும்.

ஒன்று, சொற்கள் வீட்டுச் சொற்கள். அகராதியைத் தேட வேண்டிய சொல் அரிது.

இரண்டு, உவமைகள் கண்முன் காணும் பொருள்கள். ஆறு, மழை, படகு, கூண்டு, பறவை, வழி இவற்றைக் கொண்டே வாழ்வின் பெரிய கேள்விகளை எழுப்புவார்.

மூன்று, முதல் அடி பேச்சைப் போல் தொடங்கும். பாடுகிறார் என்று நாம் உணர்வதற்குள் நம்மோடு பேசத் தொடங்கிவிடுவார்.

பெரும்பாலும் மெட்டு முதலில் வரும். சொல் பின்னர் அமரும். அளவெடுத்துத் தைத்த சட்டைக்கு ஏற்ற உடலைத் தேடுவது போன்ற வேலை! இத்தளையை வைத்துக் கொண்டு இயல்பாகப் பேசுவது எவ்வளவு கடினம் என்பது, ஒரு மெட்டுக்கேனும் எழுத முயன்றவருக்கே விளங்கும். எளிமை எளிதில் வருவதன்று. பலமுறை அராவி வழவழப்பாக்கிய இரும்பைப் போன்றது அது.

பத்துத் திசைகள்

எளிமை வேறு, தாழ்த்துதல் வேறு. இந்த வேறுபாட்டைச் சைலேந்திரா எவ்வாறு போற்றினார் என்பதற்கு ஒரு நிகழ்ச்சி சான்றாகும். ‘ஸ்ரீ 420’ படத்தில், மழையில் ஒரே குடையின் கீழ்க் காதலர் இருவர் பாடும் பாட்டை எல்லாரும் அறிவர். அதில் ‘பத்துத் திசைகள்’ என்று எழுதியிருந்தார். ஜெய்கிஷன் தடை கூறினார். “நான்கு திசை என்றால் மக்களுக்கு விளங்கும், பத்துத் திசை என்றால் விளங்குமா?” என்பது அவர் கேள்வி. நால் திசை, கோணத் திசை நான்கு, மேல், கீழ் ஆகப் பத்து என்பது வடநாட்டு மரபு. நாம் எண்டிசை என்கிறோம். அவர்கள் மேலும் இரண்டைக் கூட்டுகிறார்கள்.

சைலேந்திரா சொல்லை மாற்ற இசையவில்லை. மக்களின் சுவையைக் காரணம் காட்டி, மேலோட்டமானவற்றை அவர்கள்மேல் திணிக்கலாகாது. அவர்கள் சுவையை உயர்த்துவதும் கலைஞன் கடமை என்பது அவர் கருத்து. பாட்டு வெளிவந்தது. பத்துத் திசை விளங்கவில்லை என்று எந்த ஊரிலும் எவரும் முறையிட்டதாகத் தெரியவில்லை. இத்தனை ஆண்டுகளுக்குப் பின்னும் மழை வந்தால் மக்கள் அப்பாட்டைத்தான் பாடுகின்றனர்.

“மக்களுக்கு இது விளங்காது” என்று சொல்பவர் எல்லாக் காலத்திலும் உண்டு. அவர்கள் மக்களைக் கேட்டுவிட்டா அப்படிச் சொல்கிறார்கள்? மக்களோடு பட்டறையில் நின்றவர், மக்களுக்கு விளங்கும் என்றார். நாற்காலியில் இருந்து கணக்குப் பார்ப்பவர், விளங்காது என்கிறார். யார் சொல்லை நம்புவது?

திரையில் தோன்றிய கவிஞர்

சைலேந்திரா நடிகராகவும் ஒருசில படங்களில் தலைகாட்டியவர். 1954இல் வந்த ‘பூட் பாலிஷ்’ அவற்றுள் நினைவில் நிற்பது. பிச்சை எடுக்கத் தள்ளப்பட்ட அனாதைச் சிறுவனும் சிறுமியும், காலணிக்கு மெருகிட்டு உழைத்து வாழ முயலும் கதை அது. அப்படத்தில் ஓடும் புகைவண்டியில் அமர்ந்து ஒருவர் பாடுகிறார். குரல் தலத் மகமூதினுடையது, முகம் சைலேந்திராவினுடையது. புகைவண்டிப் பெட்டிகளைச் செப்பனிட்டவர், புகைவண்டிப் பெட்டியிலேயே பாடகராகத் தோன்றுவது எத்துணைப் பொருத்தம்! ஆரவாரம் இல்லை, மிகை நடிப்பு இல்லை. உடன் பயணம் செய்யும் ஒருவர் மனம்விட்டுப் பாடுவது போலவே இருக்கிறது. அவர் பாடல்களின் இயல்பும் அதுதானே!

நம் கவிஞர் கண்ணதாசனும் ‘பராசக்தி’யில் (1952) நீதிபதியாகவும், ‘இரத்தத் திலக’த்தில் (1963) தம் பாட்டைத் தாமே பாடுபவராகவும் திரையில் தோன்றியதை இங்கே ஒப்பு நோக்கலாம். கவிஞனின் முகத்தைக் காண மக்கள் விரும்பினர் என்பதற்கு இவை சான்றுகள்.

மூன்றாவது சபதம்

கண்ணதாசனைப் போலவே சைலேந்திராவும் படம் எடுக்கத் துணிந்தார். கண்ணதாசன் ‘மாலையிட்ட மங்கை’யில் (1958) பெற்ற வெற்றிக்குப் பின், ‘கவலை இல்லாத மனிதன்’ (1960) எடுத்துக் கடனில் மூழ்கினார்; எனினும் மீண்டு வந்து பல்லாண்டு எழுதினார். சைலேந்திராவுக்கு அந்த வாய்ப்புக் கிட்டவில்லை.

பணீசுவர்நாத் ரேணு என்னும் பீகார் எழுத்தாளரின் சிறுகதை ஒன்று அவர் நெஞ்சைக் கவர்ந்தது. ஹீராமன் என்னும் வெள்ளை உள்ளம் படைத்த மாட்டுவண்டிக்காரன், ஹீராபாய் என்னும் நாடகக்காரியைத் தன் வண்டியில் திருவிழாவுக்கு ஏற்றிச் செல்கிறான். வழியில் இருவரிடையே மலரும் அன்பு, ஊராரின் பார்வைக்கு அஞ்சிப் பிரிவில் முடிகிறது. கள்ளச்சரக்கு ஏற்றுவதில்லை, மூங்கில் ஏற்றுவதில்லை என்று முன்பே இரண்டு சபதம் செய்தவன், இனி நாடகக்காரியை ஏற்றுவதில்லை என்று மூன்றாவது சபதமும் செய்கிறான். படத்தின் பெயரே ‘தீஸ்ரி கசம்’, அதாவது மூன்றாவது சபதம்.

இயக்கியவர் பாசு பட்டாச்சாரியா. ஒளிப்பதிவு, சத்தியஜித் ராயின் படங்களுக்குப் பணியாற்றிய சுப்ரதா மித்ரா. ஹீராபாயாக நடித்தவர் நம் செங்கற்பட்டில் பிறந்த வகீதா ரெஹ்மான். ஹீராமன், ராஜ் கபூர். “என் ஊதியத்தை முன்பணமாகத் தந்துவிட வேண்டும்” என்று ராஜ் கபூர் கண்டிப்பாகக் கேட்கவும், நண்பரா இப்படி என்று சைலேந்திரா வாடிப்போனாராம். பின்னர் ராஜ் கபூர் கேட்ட தொகை ஒரே ஒரு ரூபாய்! இந்த வணிகம் உமக்கு ஒத்துவராது என்று எச்சரித்தவரும் அவரே.

படம் ஆண்டுக்கணக்கில் இழுத்தது, செலவு ஏறியது, கடன் பெருகியது. படம் முடிந்தபின் வாங்க வந்தவர்கள் ஒன்றைக் கேட்டனர்: முடிவை மாற்றுங்கள், காதலர் இருவரையும் சேர்த்து வையுங்கள் என்றனர். சைலேந்திரா மறுத்தார். சேர்த்து வைத்தால் மூன்றாவது சபதம் எங்கே? கதையே எங்கே? 1966இல் படம் வெளிவந்தது, போதிய விளம்பரம் இல்லை, ஓடவில்லை. கடனும் மனவேதனையும் உடல்நலக் கேடும் சேர்ந்து 1966 டிசம்பர் 14ஆம் நாள் அவர் உயிரைக் கொண்டு சென்றன. அப்பொழுது அவருக்கு வயது 43. அந்த நாள் ராஜ் கபூரின் பிறந்தநாள். பின்னர் அவ்வாண்டின் தலைசிறந்த படமாகத் ‘தீஸ்ரி கசம்’ தேர்வு பெற்றுக் குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் பெற்றது. பதக்கத்தைக் காணக் கவிஞர் இல்லை.

இங்கே ஒரு கேள்வி எழுகிறது. மக்களை நம்பியவர் மக்களாலேயே கைவிடப்பட்டார் அல்லவா? அவர் நம்பிக்கை பொய்த்தது அல்லவா?

நான் பலநாள் இதனை எண்ணிப் பார்த்தேன். படம் தோற்றது உண்மை. வணிகத்தில் அவர் தேர்ச்சி இல்லாதவர் என்பதும் உண்மை. அவற்றை மறைக்க வேண்டுவதில்லை. ஆயினும் மக்களுக்கும் கலைஞனுக்கும் இடையே சந்தை என்ற ஒன்று நிற்கிறது. பாட்டு வானொலி வழியே காசில்லாமல் மக்களிடம் சென்றது; ஏற்றுக்கொண்டார்கள். படமோ வணிகர் கை வழியே செல்ல வேண்டியிருந்தது, அவ்வணிகர் அஞ்சினர். அந்தப் படத்தின் பாடல்களை அன்றும் பாடினர், இன்றும் பாடுகின்றனர். ஆகவே பொய்த்தது மக்களின் அறிவுத்திறன் அன்று. மக்களை மதிப்பவனுக்கு உடனே கூலி கிடைத்துவிடும் என்று நாம் எண்ணினால் அந்த எண்ணம்தான் பிழை.

நாம் கொள்ளத்தக்கவை

தமிழில் இவருக்கு இணை தேடினால், பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் நினைவுக்கு வருவார். அவரும் உழைப்பாளர் வாழ்விலிருந்து வந்தவர். பொதுவுடைமை இயக்கத்தில் வளர்ந்தவர். வீட்டுச் சொற்களால் பாட்டுக் கட்டியவர். 1930இல் பிறந்து 1959இல், 29 வயதிலேயே மறைந்தார். இருவரும் ஒருவரையொருவர் அறியாமலே, ஒரே காலத்தில், ஒரே உண்மையை இரு மொழிகளில் நிலைநாட்டினர். வடக்கும் தெற்கும் உழைப்பவன் நெஞ்சில் ஒன்றுபடுகின்றன என்பதற்கு வேறு சான்று வேண்டா.

சைலேந்திராவின் பெருந்தன்மை ஒன்றையும் சொல்லாமல் விடலாகாது. ‘பந்தினி’ (1963) படத்தில் ஒரு பாட்டை எழுதும்படி, மோட்டார்ப் பட்டறையில் வேலை செய்து கொண்டிருந்த இளங்கவிஞர் ஒருவரைப் பிமல் ராயிடம் செல்லத் தூண்டியவர் அவரே. தயங்கிய அந்த இளைஞர்தாம் பின்னாளில் புகழ்பெற்ற குல்சார். பட்டறையிலிருந்து வந்தவர், பட்டறையில் இருந்த இன்னொருவருக்குக் கதவைத் திறந்துவிட்டார்.

மாணவ நண்பர்களே! நம் சங்கத்தில் கவியரங்குகள் நடக்கின்றன. இதழுக்குக் கவிதைகள் வருகின்றன. நம்மில் ஒரு சாரார், யாருக்கும் விளங்காதபடி எழுதினால்தான் கவிதை என்று நினைக்கிறோம். மற்றொரு சாரார், மக்களுக்கு இவ்வளவுதான் விளங்கும் என்று நாமே அளவு போட்டு, சொல்லையும் கருத்தையும் மலிவாக்கி எழுதுகிறோம். முதற் சாரார் மக்களை மறந்தவர். இரண்டாம் சாரார் மக்களை இகழ்ந்தவர். இவ்விரு வழிகளுக்கும் நடுவே ஒரு வழி உண்டென்று சைலேந்திரா காட்டினார். வீட்டுச் சொல்லால் எழுதுக. பொருளை மட்டும் தாழ்த்தாது எழுதுக.

அடுத்த முறை நம்மில் ஒருவர் பேனாவை எடுத்து, இந்தச் சொல் மக்களுக்கு விளங்குமோ என்று ஐயுற்று, பத்தை நான்காகக் குறைக்க எண்ணினால், ஒரு கணம் நிற்க. யாருக்காக எழுதுகிறோமோ அவர்களில் ஒருவரிடம் போய்ப் படித்துக் காட்டுக. அவர் முகம் சொல்லும் விடையை ஏற்றுக்கொள்க. சைலேந்திரா என்னும் தொழிலாளிக் கவிஞருக்கு நாம் செலுத்தத்தக்க நன்றி அதுவேயாகும்.